எட்டாவது தீவு

ஆறாம் வகுப்பில் ஒருநாள் ஆசிரியர், “வானத்தில் சூரியன் எத்தனை?” என்று கேட்டார். மதிய உணவுக்குப் பின் தூங்கி வழிந்துகொண்டிருந்த வகுப்பைத் தட்டி எழுப்புவதற்காகக் கேட்ட கேள்வி அது. நான் எழுந்து நின்று, “இரண்டு சார்” என்றேன். வகுப்பு முழுவதும் சிரித்தது. ஆசிரியரும் சிரித்துவிட்டார். அடுத்த இரண்டு ஆண்டுகள் ‘ரெண்டு சூரியன்’ என்பதே அந்தப் பள்ளியில் என் பெயராயிற்று.

நான் குறும்புக்காகச் சொல்லவில்லை. பாட்டி சொல்லித் தந்ததைச் சொன்னேன். திண்டிவனத்திலிருந்து செஞ்சிக்குச் செல்லும் சாலையிலிருந்து சற்று உள்ளே தள்ளிய சிற்றூர் எங்களுடையது. நயினார் என்று அழைக்கப்படும் தமிழ்ச் சமணக் குடும்பங்கள் சில இன்றும் அங்கு உண்டு. சமண மடம் அமைந்த மேல்சித்தாமூர் பக்கத்தில்தான் இருக்கிறது. இரவில் உண்ணக் கூடாது என்பதால் பொழுதோடு சாப்பாடு முடிந்துவிடும். அதன்பின் இருட்டும்வரை திண்ணையில் பாட்டியின் கதைதான். நாம் இருப்பது நாவலந்தீவு; அதைச் சுற்றி உப்புக்கடல்; கடலுக்கு அப்பால் வேறொரு தீவு; அதற்கப்பால் வேறொரு கடல். நாவலந்தீவுக்கு ஞாயிறு இரண்டு, திங்கள் இரண்டு. இன்று வந்த சூரியன் நாளை வராது; நாளை வருவது மற்றொன்று. இதை நான் நம்பினேன் என்று சொல்வதுகூடச் சரியில்லை. திண்டிவனத்துக்குக் கிழக்கே மரக்காணம் இருப்பதை யாராவது ‘நம்புகிறேன்’ என்று சொல்வார்களா? அப்படி அதை அறிந்திருந்தேன்.

இப்போது நான் விழுப்புரத்தில் விடுதியில் தங்கி மூன்றாம் ஆண்டு இயற்பியல் பயில்கிறேன். சென்ற பங்குனியில் ஊருக்குப் போயிருந்தபோது பாட்டி என்னைப் பக்கத்தில் உட்கார வைத்துக் கேட்டார்: “கண்ணு, உங்க காலேஜ் புஸ்தகத்துல நம்ம தீவையெல்லாம் அடிச்சுட்டாங்களா?”

நான் உடனே விடை சொல்லவில்லை. ‘ஆமாம் பாட்டி’ என்று சொல்லியிருந்தால் அது உண்மைதான். ஆனால் முழு உண்மையா என்ற ஐயம் எனக்கு இருந்தது. அந்த ஐயத்தோடு நூலகத்தில் தேடிய சில செய்திகளையே இங்கு எழுதுகிறேன். கற்பனை உலகங்களைப் பற்றிய ஆங்கிலப் படங்களை விடுதி நண்பர்கள் விரும்பிப் பார்ப்பதுண்டு. இரண்டு சூரியன்கள் மறையும் மணற்கோளை 1977 ஆம் ஆண்டு வந்த ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் கண்டு வியக்கும் நண்பர்களே, அதைவிட விரிவான ஓர் அயல் உலகத்தின் வரைபடம் நம் பழைய தென்னார்க்காட்டு மண்ணிலேயே எழுதப்பட்டது என்றால் நம்புவீர்களா?

முதலில் அந்த உலகத்தின் அமைப்பைச் சொல்லிவிடுகிறேன். நடுவில் ஒரு தட்டுப் போல நாவலந்தீவு. வடநூல்கள் அதைச் சம்புத்தீவு என்னும். அதன் குறுக்களவு ஒரு லட்சம் யோசனை. (யோசனையிலும் இரண்டு வகை உண்டு. சாதாரண யோசனை ஒன்று; தீவுகளையும் கடல்களையும் அளக்கும் பிரமாண யோசனை அதைப்போல் 500 மடங்கு.) தீவின் நடுவில் மேருமலை. அதைச் சுற்றி வளையமாக உப்புக்கடல்; அகலம் இரண்டு லட்சம் யோசனை. அதைச் சுற்றித் தாதகித் தீவு. அகலம் நான்கு லட்சம். பிறகு காளோதக் கடல், எட்டு லட்சம். பிறகு புட்கரத் தீவு, பதினாறு லட்சம். இவ்வாறு தீவும் கடலுமாக, ஒவ்வொன்றும் முந்தியதைப்போல் இரட்டித்துக்கொண்டே போகும். எண்ணிக்கைக்கு அடங்காத வளையங்கள் அவை.

இதில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி ஒன்றுண்டு. நாவலந்தீவைக் கிழக்கு மேற்காக ஆறு மலைத்தொடர்கள் ஏழு நாடுகளாகப் பிரிக்கின்றன. தென்கோடியில் பரதம், வடகோடியில் ஐராவதம், நடுவில் விதேகம். நாடும் மலையும் மாறி மாறி, அகலம் இரட்டித்துக்கொண்டே நடுவரை சென்று, பிறகு அதேபோல் பாதி பாதியாகக் குறையும். ஒன்று, இரண்டு, நான்கு, எட்டு, பதினாறு, முப்பத்திரண்டு, அறுபத்து நான்கு, பிறகு இறங்குமுகம். கூட்டினால் 190 பங்கு வரும். அதில் நாம் வாழும் பரதத்துக்குக் கிடைத்தது ஒரே பங்கு. ஒரு லட்சத்தை 190 ஆல் வகுத்தால் 526 யோசனையும் பத்தொன்பதில் ஆறு பங்கும். நூல்களில் உள்ள அளவும் இதுவேதான். கற்பனையாக ஓர் உலகைப் படைப்பவன் தன் நாட்டை அதன் நடுவில் வைப்பதுதான் வழக்கம். இவர்களோ தம் நாட்டைத் தெற்கு விளிம்பில், 190 இல் ஒரு பங்காக ஒதுக்கி வைத்துக்கொண்டார்கள்!

இனி, இரண்டு ஞாயிறு ஏன் என்ற கேள்விக்கு வருவோம். தட்டையான உலகின் நடுவே மேரு நிற்கிறது. சூரியன் கீழே இறங்குவதில்லை. தரைக்கு மேல் 800 யோசனை உயரத்தில் மேருவை வலம் வருகிறது. ஒரு முழுச் சுற்றுக்கு 60 முகூர்த்தம் ஆகும். முகூர்த்தம் என்பது 48 நிமிடம். ஆக 48 மணி நேரம். அப்படியானால் ஒரே சூரியன் இருந்தால் நமக்கு இரண்டு நாளுக்கு ஒருமுறைதான் பொழுது விடிய வேண்டும். நாள்தோறும் விடிகிறதே! எனவே எதிரெதிர்ப் பக்கத்தில் இன்னொரு சூரியன் தேவைப்பட்டது. ஒன்று தெற்கே நமக்கு ஒளி தரும்போது மற்றொன்று வடக்கே ஐராவதத்துக்கு ஒளி தரும். அடிப்படைக் கருத்தை ஏற்றுக்கொண்டால் மற்றவை கணக்குப்படி தாமே வந்து அமைகின்றன. சூரியன் செல்லும் பாதைகள் 184. அவற்றின் இடைவெளிகள் 183. உள்ளிருந்து வெளியே செல்ல 183 நாள், திரும்பி வர 183 நாள், ஆக ஆண்டுக்கு 366 நாள். ஆறாம் வகுப்பில் இதையெல்லாம் சொல்லத் தெரிந்திருந்தால் அவ்வளவு சிரித்திருக்க மாட்டார்கள் என்று பிற்பாடு பலமுறை நினைத்ததுண்டு.

சிரித்தவர்கள் அவர்கள் மட்டுமல்லர். ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரர் தம் பஞ்சசித்தாந்திகையில் அருகரின் இரு சூரியன் கொள்கையை மறுத்தார். அவருடைய வாதம் எளிமையானது. சூரியனிலிருந்து துருவ மீனுக்கு ஒரு கோடு இழுப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். அந்தக் கோடு ஒரே நாளில் ஒரு முழுச் சுற்றுச் சுற்றிவிடுகிறது. இரண்டு நாளைக்கு ஒரு சுற்று என்றால் இது எப்படி நடக்கும்? 12 ஆம் நூற்றாண்டில் பாஸ்கரரும் தம் சித்தாந்த சிரோமணியில் இக்கொள்கையை எள்ளி மறுத்திருக்கிறார். இந்த மறுப்புக்கு எதிர்வாதம் இல்லை என்பதே என் கருத்து. வானியலாகப் பார்த்தால் இரண்டாம் ஞாயிறு ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே மறைந்துவிட்டது. எங்கள் திண்ணைக்கு மட்டும் அந்தச் செய்தி வந்து சேரவில்லை.

நாமே சோதித்துப் பார்க்கக்கூடிய மற்றொன்றும் உண்டு. ஆண்டின் மிக நீண்ட பகல் 18 முகூர்த்தம், மிகக் குறுகிய பகல் 12 முகூர்த்தம் என்று அந்நூல்கள் கூறும். 18 முகூர்த்தம் என்றால் 14 மணி 24 நிமிடம். திண்டிவனத்தில் சூன் மாதத்து நீண்ட பகலே ஏறக்குறைய 12 மணி 50 நிமிடம்தான். திசம்பரில் குறைந்தது 11 மணி 25 நிமிடம். அதாவது நம் ஊருக்கு 16 முகூர்த்தமும் 14 முகூர்த்தத்துக்குச் சற்று மேலுமே பொருந்தும். மூன்றுக்கு இரண்டு என்ற அந்த விகிதம் வேதாங்க சோதிடத்திலும் உண்டு, பாபிலோனிலும் உண்டு. வடக்கே ஏறத்தாழ 35 பாகை அகலாங்கில் உள்ள ஊர்களுக்கு அது சரியாக வரும். எங்கோ வடக்கிலிருந்து வந்த எண்ணை நம்மவர்கள் மாற்றாமல் வைத்துக்கொண்டார்கள். பொழுது சாய்வதற்குள் உண்டு முடிக்க வேண்டிய மக்கள், நாள்தோறும் மேற்கு வானத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தவர்கள், இந்த எண் நம் ஊருக்குப் பொருந்தவில்லையே என்று கேட்காமல் விட்டது எனக்குப் பெரும் புதிராகவே இருக்கிறது. நூல் வேறு, அடுப்படி வேறு என்று வைத்திருந்தார்கள் போலும்.

இனி நம் மண்ணின் செய்திக்கு வருகிறேன். இந்த உலக அமைப்பை விளக்கும் நூல்களில் ஒன்று ‘லோகவிபாகம்’. உலகின் பகுப்பு என்பது அப்பெயரின் பொருள். இப்போது கிடைப்பது சிம்மசூரி என்பவர் வடமொழியில் ஆக்கியது. அவர் தமக்கு மூலமான நூலைப் பற்றி ஒரு குறிப்புத் தருகிறார். சர்வநந்தி என்னும் முனிவர், பாண நாட்டில் பாடலிகை என்னும் ஊரில், காஞ்சி வேந்தன் சிம்மவர்மனின் 22 ஆம் ஆட்சியாண்டில், சக ஆண்டு 380 இல் அதனை எழுதினார் என்பது அக்குறிப்பு. சக 380 என்றால் கி.பி. 458. பாடலிகை என்பது இன்றைய கடலூரில் உள்ள திருப்பாதிரிப்புலியூர் என்று அறிஞர்கள் கொள்வர். விழுப்புரத்திலிருந்து சுமார் 45 கிலோமீட்டர்! நம் கல்லூரி மாணவர் பலர் நாள்தோறும் பேருந்தில் வந்து போகும் தூரம். பண்ணுருட்டிக்கு அருகிலுள்ள திருவாமூரில் பிறந்த மருள்நீக்கியார் தருமசேனராக இருந்ததும் அதே பாடலியின் சமணப் பள்ளியில்தான். பின்பு சைவத்துக்குத் திரும்பி நாவுக்கரசர் ஆன வரலாறு உங்களுக்குத் தெரியும். சர்வநந்தியின் மூலநூல் கிடைக்கவில்லை. பல்லவ வரலாற்றில் ஆண்டு உறுதியாகத் தெரிந்த நிகழ்ச்சிகள் அரிதாயிருந்த காலத்தில், ஆராய்ச்சியாளர்களுக்கு இந்த ஒரு குறிப்பே பெரிய ஊன்றுகோலாயிற்று.

அதைவிடப் பெரிய செய்தி நூலுக்குள் இருக்கிறது. தீவுகளும் கடல்களும் இரட்டித்துக்கொண்டே போகின்றன அல்லவா? பத்துப் பதினைந்து வளையம் தாண்டியதும் எண்கள் கோடிகளில் வந்து நிற்கும். அவற்றை எழுதுவது எப்படி? லோகவிபாகம் ஓர் எண்ணைச் சொல்கிறது: 13,10,72,00,000. ஆயிரத்து முந்நூற்றுப் பத்துக் கோடியே எழுபத்திரண்டு லட்சம். ஒரு லட்சத்தை இரண்டு இரண்டாகப் பெருக்கிக்கொண்டே போங்கள். பதினேழாம் முறையில் சரியாக இந்த எண் வரும். இதைக் ‘கோடி’ ‘லட்சம்’ என்று பெயர் வைத்துச் சொல்லாமல், கடைசி இலக்கத்திலிருந்து தொடங்கி ஒவ்வோர் இலக்கமாகச் சொற்களால் அடுக்கிச் சொல்கிறது நூல். வெற்றிடம் வரும்போது ஓரிடத்தில் சூனியம் என்கிறது. இன்னோர் இடத்தில் வானம் என்கிறது. அதாவது இடத்தைப் பொறுத்து மதிப்பு மாறும் எண்முறையும், வெற்றிடத்தைக் காக்கும் சுழியும் அந்த ஆசிரியருக்குக் கைவந்த பழக்கமாயிருந்தன. சுழி பொறித்த கல்வெட்டுகள் என்று பார்த்தால் கம்போடியாவில் கி.பி. 683 ஆம் ஆண்டினதும், குவாலியரில் 876 ஆம் ஆண்டினதும் பெயர் பெற்றவை. லோகவிபாகத்தின் எண் சர்வநந்தியின் காலத்ததே என்றால் இவற்றுக்கு இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேல் முந்தியது. கணித வரலாறு எழுதுவோர் இந்நூலைத் தவறாமல் குறிப்பிடுவதற்கு அதுவே காரணம். கிடைத்திருப்பது பிற்கால ஆக்கம் என்பதையும் மறக்கக் கூடாது.

இல்லாத கடலின் அகலத்தை அளக்கப் போய் இருக்கின்ற எண்முறைக்குச் சான்றாகி நிற்கிறது அந்நூல். மளிகைக் கடைக் கணக்குக்கு இவ்வளவு பெரிய எண் எதற்கு? அரசனின் கருவூலத்துக்கும் தேவையில்லை. எட்டாத தீவுகளுக்குத்தான் தேவைப்பட்டது. நாவலந்தீவின் சுற்றளவையும் அவர்கள் விட்டுவைக்கவில்லை: 3,16,227 யோசனையும் சில்லறையும், சில்லறையை விரற்கடை வரை கணக்கிட்டிருக்கிறார்கள். பத்தின் வர்க்கமூலத்தை ஒரு லட்சத்தால் பெருக்கினால் 3,16,227.766 வருகிறது. பை என்பதற்கு 3.1416 க்குப் பதில் 3.1623 ஐக் கொண்டதால் ஏற்பட்ட பிழை அது. தொடக்கத்தில் நூற்றில் ஒரு பங்குக்குக் குறைவான பிழையை வைத்துக்கொண்டு விரற்கடை வரை போவதைப் பார்த்து எங்கள் செய்முறை ஆசிரியர்கள் தலையில் அடித்துக்கொள்வார்கள். நாங்களும் கால்குலேட்டரில் வந்த எட்டு இலக்கத்தையும் அப்படியே எழுதிவிட்டு வாங்கிக்கட்டிக்கொள்பவர்கள்தானே!

அந்த உலகங்களில் வாழ்வோர் யார் என்று கேட்பீர்கள். அங்கேதான் கதை சுவைபடுகிறது. பரத நாட்டின் குறுக்கே வெள்ளிமலை ஒன்று கிடக்கிறது. அதன் இருபுறமும் வித்தியாதரர் நகரங்கள்; தென்சேடியில் 50, வடசேடியில் 60. அவர்கள் வானில் பறக்கும் வித்தை கற்ற மனிதர்கள்; தேவர்கள் அல்லர். தமிழ் இலக்கியம் பயிலும் நண்பர்கள் ‘சூளாமணி’யைப் படித்திருப்பார்கள். அதில் போதனமா நகரத்து இளவரசன் திவிட்டனுக்கும், வித்தியாதர வேந்தன் சுவலனசடியின் மகள் சுயம்பிரபைக்கும் மணம் நடக்கிறது. அதனால் மூண்ட போரில் அச்சுவகண்டன் என்னும் வித்தியாதரச் சக்கரவர்த்தி மாண்டுபோகிறான். வேற்றுலகத்தார்க்கும் மண்ணுலகத்தார்க்கும் கொள்வினை கொடுப்பினை, தூது, படையெடுப்பு எல்லாம் தமிழ் விருத்தத்தில் அமைந்திருக்கின்றன. மேரு மந்தர புராணத்திலும் இத்தகைய உலகங்கள் விரிகின்றன.

வேறு சில நாடுகள் போகபூமிகள். அங்கே உழவும் தொழிலும் இல்லை. பத்து வகைக் கற்பக மரங்கள் உணவும் உடையும் விளக்கும் தரும். ஆணும் பெண்ணுமாக இரட்டையராகப் பிறப்பார்கள். நோயில்லை, சண்டையில்லை. எனக்கு இதைக் கேட்டபோதெல்லாம் அங்கே பிறந்திருக்கலாமே என்றுதான் தோன்றும். குறிப்பாக, அறுவடைக் காலத்தில். ஆனால் சமண நூலார் அந்த நாட்டாருக்கு ஒன்றை மறுத்துவிட்டார்கள். வீடுபேறு அங்கிருந்து கிடைக்காது. வாளும், மையும், ஏரும், கல்வியும், வாணிகமும், சிற்பமும் என்று ஆறு தொழிலால் உடல் நோக உழைத்து வாழும் கருமபூமியில் பிறந்தவனுக்கே அது உண்டு. தேவர்களுக்கும் கிடையாது. அவர்களும் மனிதராகப் பிறந்து வந்தாக வேண்டும். 1965 ஆம் ஆண்டு ஃபிராங்க் ஹெர்பர்ட் எழுதிய ‘டியூன்’ நாவலில் அராக்கிஸ் என்ற பாலைக்கோள் பேரரசுக்கெல்லாம் முக்கியமாவது அங்கு மட்டும் கிடைக்கும் ஒரு வாசனைப் பொருளால். சமணரின் பேருலகில் பரதமும் ஐராவதமும் விதேகமும் முக்கியமாவது அங்கு மட்டும் கிடைக்கும் உழைப்பால்.

அந்த விதேகத்துக்கு நம் பக்கத்திலிருந்து ஒருவர் போய் வந்ததாகக் கதையும் உண்டு. வந்தவாசிக்கு அருகில் பொன்னூர் மலை இருக்கிறது. திண்டிவனத்திலிருந்து சென்று ஒரே நாளில் பார்த்துத் திரும்பிவிடலாம். மலைமேல் குந்தகுந்தர் என்னும் ஏலாசாரியரின் திருவடிகள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. விதேகத்தில் சீமந்தரர் என்னும் தீர்த்தங்கரர் இன்றும் அறம் உரைத்துக்கொண்டிருக்கிறார் என்பது சமணர் நம்பிக்கை. தம் ஐயங்களைத் தீர்த்துக்கொள்ள அவரிடமே சென்றார் குந்தகுந்தர். பத்தாம் நூற்றாண்டில் தேவசேனர் எழுதிய ‘தரிசனசாரம்’ அவர் சீமந்தரரிடம் ஞானம் பெற்றதைக் குறிப்பிடுகிறது. வழியில் கையிலிருந்த மயிற்பீலி நழுவி விழ, கழுகின் இறகை எடுத்துக்கொண்டார் என்பர். விதேகத்து மக்கள் 500 வில் உயரம் கொண்டவர்கள். அவர்கள் நடுவில் நம்மவர் ஏலக்காய் அளவே தெரிந்தாராம். சக்கரவர்த்தி உள்ளங்கையில் எடுத்துவைத்துப் பார்த்தானாம். அதனால் ஏலாசாரியர் என்று பெயர் வந்ததாம். சுவிஃப்ட் என்ற ஆங்கில ஆசிரியர் கலிவரை அரக்கர் நாட்டுக்கு அனுப்பியது 1726 இல். பொன்னூர் மலையடியில் வாழ்ந்த பாட்டிமார்களுக்கு அந்தக் கதை புதிதாய் இருந்திருக்காது. (திருக்குறளின் ஆசிரியரும் இவரே என்று பேராசிரியர் அ. சக்கரவர்த்தி நயினார் எழுதினார். அந்த வழக்குக்குள் நான் புக விரும்பவில்லை. தமிழ்த்துறை நண்பர்களோடு பகை வேண்டாம்.)

இவ்வளவும் சொல்லிவிட்டுத் தலைப்புக்குரிய தீவைச் சொல்லாமல் இருக்கலாமா? நாவலந்தீவிலிருந்து எண்ணினால் எட்டாவது நந்தீச்சுரத் தீவு. இடையில் ஏழு கடல்கள். அதன் அகலம் 163 கோடியே 84 லட்சம் யோசனை. இரட்டிப்புக் கணக்குப் போட்டுப் பார்த்தேன், பதினான்காம் முறையில் சரியாகவே வருகிறது. அங்கு ஒவ்வொரு திசையிலும் கரிய அஞ்சன மலை ஒன்று, தயிர்போல் வெளுத்த ததிமுக மலை நான்கு, இரதிகர மலை எட்டு, ஆக 13. நான்கு திசைக்கும் 52. ஒவ்வொரு மலை உச்சியிலும் ஒரு சினாலயம். ஆடம், கார்த்திகம், பங்குனம் என்னும் மூன்று மாதங்களிலும் வளர்பிறை எட்டாம் நாள் முதல் முழுநிலா வரை எட்டு நாளும் தேவர்கள் கூட்டமாய்ச் சென்று அங்கே பூசை செய்வார்கள்.

மனிதர் போக முடியாது. மூன்றாவதான புட்கரத் தீவின் நடுவே மானுடோத்தர மலை வளையமாக எழுந்து நிற்கிறது. அதற்கு அப்பால் மனிதப் பிறவியே இல்லை. வித்தியாதரர்கள் விமானம் ஏறிப் பறந்தாலும் அந்த மலையைத் தாண்ட இயலாது. மனிதர் வாழ்வதெல்லாம் இரண்டரைத் தீவுக்குள். ஆகவே போக முடியாதவர்கள் அதே எட்டு நாளில் இங்கிருந்தே பூசை செய்கிறார்கள். எங்கள் ஊர்க் கோயிலில் ஒரு முழ உயரத்தில் அடுக்கடுக்காக வார்த்த உலோக நந்தீச்சுரம் ஒன்று உண்டு. பக்கத்துக்கு 13 வீதம் 52 சிறிய உருவங்கள். எண்ணெய் பட்டுப் பட்டுச் சிலவற்றின் முகம் தேய்ந்துபோயிற்று. சிறு வயதில் பாட்டி என் விரலைப் பிடித்து அவற்றை எண்ண வைப்பார். ஐம்பத்திரண்டு வந்தால்தான் சர்க்கரைப் பொங்கல். நான் எண் கற்றது பள்ளிக்கூடத்தில் அன்று, நந்தீச்சுரத்தில்.

1969 ஆம் ஆண்டு நிலவில் மனிதன் இறங்கியபோது இந்த உலக அமைப்பை அப்படியே நம்பியவர்களுக்குப் பெரிய இடைஞ்சல் ஏற்பட்டது. அந்நூல்களின்படி சூரியன் 800 யோசனை உயரத்திலும் சந்திரன் 880 யோசனை உயரத்திலும் இருக்கின்றன. சூரியனைத் தாண்டித்தான் சந்திரனுக்குப் போக வேண்டும்! வடநாட்டில் சிலர் பழைய அமைப்பை விட்டுக்கொடுக்கவில்லை. அத்தினாபுரத்தில் ஞானமதி மாதாவின் முயற்சியால் 101 அடி உயர மேருவோடு சம்புத்தீவின் மாதிரியே கட்டி 1985 இல் நிறுவினார்கள். எங்கள் வீட்டில் அவ்வளவு பெரிய போராட்டம் நடக்கவில்லை. 2023 ஆகஸ்ட் 23 அன்று மாலை 6 மணி 4 நிமிடத்துக்குச் சந்திரயான்-3 நிலவில் இறங்கியபோது பொழுது சாய இன்னும் சிறிது நேரம் இருந்தது. பாட்டி சாப்பாட்டுத் தட்டோடு தொலைக்காட்சி முன் அமர்ந்திருந்தார். திட்ட இயக்குநர் ப. வீரமுத்துவேல் விழுப்புரத்துக்காரர் என்றதும், “நம்ம ஊர்ப் பிள்ளையா!” என்று மகிழ்ந்தார். பிறகு, “அங்க யாராவது இருந்தாங்களா?” என்று கேட்டார். சந்திரன் ஒரு தேவனின் விமானம். பதினாறாயிரம் தேவர்கள் அதைச் சுமக்கிறார்கள் என்று கேட்டு வளர்ந்தவர்.

“இல்ல பாட்டி. மண்ணும் கல்லுந்தான்.”

“இருப்பாங்க. உன் மிஷினுக்குத் தெரியணும்னு இருக்கா?”

நான் மறுத்துப் பேசவில்லை. அப்போது பேசாமல் விட்டது சரியா என்ற உறுத்தல்தான், சென்ற பங்குனியில் அவர் மீண்டும் கேட்டபோது என்னைத் தடுத்தது. முழுநிலாவுக்கு முதல் நாள், உலோக நந்தீச்சுரத்துக்கு எண்ணெய்க் காப்பிட்டுவிட்டு வந்து திண்ணையில் அமர்ந்திருந்தார். நூலகத்தில் அதுவரை படித்திருந்ததை அப்போது சொன்னேன். படிக்காமல் விட்டதை அடுத்த விடுமுறையில் சொன்னேன். சூரியன் ஒன்றுதான் என்றேன். இரண்டு சூரியன்களைச் சுற்றும் கோள் ஒன்றை 2011 ஆம் ஆண்டு கெப்ளர் தொலைநோக்கியால் கண்டுபிடித்திருக்கிறார்கள், அது நம் நாவலந்தீவு அல்ல என்றேன். பாடலிபுரத்துச் சர்வநந்தியைச் சொன்னேன். சுழியைச் சொன்னேன். நம் தீவுகளைப் புத்தகத்தில் அடித்துவிட்டார்கள், ஆனால் தீவை அளந்த எண்ணை அடிக்கவில்லை, அதைத்தான் நாங்கள் எல்லாரும் எழுதிக்கொண்டிருக்கிறோம் என்றேன்.

எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார். வருத்தப்பட்டாரா என்று முகத்தைப் பார்த்தேன், தெரியவில்லை.

“நந்தீச்சுரத்துக்கு நாம போக முடியாதுன்னு நம்ம புஸ்தகமே சொல்லுது. உங்க புஸ்தகம் அது இல்லவே இல்லைங்குது. ரெண்டும் எனக்கு ஒண்ணுதான். நான் இங்க இருந்துதானே கும்பிடறேன்” என்றார். பிறகு எழுந்தவர் வாசற்படியில் நின்று திரும்பினார்.

“நாளைக்கு உன் கூட்டாளிங்க வராங்கன்னியே, இங்க பொழுதோட சாப்பிடணும்னு சொன்னியா? நாளைக்குப் பொழுது எத்தனை மணிக்குச் சாயும்?”

“ஆறு இருபத்தொண்ணு பாட்டி.”

“அப்போ அஞ்சு மணிக்கே இலை போட்டுடணும்” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.